உரிமமும் உரிமையும்: ஜொகூர்ச் சாலைகளில் ஒரு வரலாறு

உரிமை என்பது தமிழில் தொன்றுதொட்டு வழங்கிவரும் சொல். உரிமம் என்பது அதே அடியிலிருந்து இக்காலத்தார் ஆக்கிக்கொண்ட சொல். மக்கள் நாவில் லைசென்ஸ் என்று வழங்குவதற்கு நேரான ஏட்டுச்சொல். எழுத்தளவில் இவ்விரண்டிற்கும் உள்ள வேறுபாடு மிகச் சிறிது. வாழ்க்கையளவிலோ அது மிகப் பெரிது. உரிமைக்கு முடிவுநாள் கிடையாது. உரிமத்தின் முகப்பிலேயே முடிவுநாள் அச்சிடப்பட்டிருக்கும். அந்நாள் கடந்தபின் கையிலிருப்பது வெறுந்தாள்.

ஜொகூர் மாநிலத்தில் இன்று ஒருவர் தம் ஓட்டுநர் உரிமத்தைப் புதுப்பிப்பது சில நிமிட வேலை. சாலைப் போக்குவரத்துத் துறையின் அலுவலகத்திலோ அஞ்சலகத்திலோ அடையாள அட்டையைக் காட்டிக் கட்டணம் செலுத்தினால் போதும். கைப்பேசி வழியாகவும் செய்து முடிக்கலாம். இத்தனை எளிய செயலுக்கு வரலாறு ஏது என்று தோன்றலாம். ஆயினும், முகப்பில் நீட்டப்படும் அந்த அடையாள அட்டையின் நிறத்தையும் அதன் பின்னணியையும் எண்ணிப் பார்த்தால், இம்மண்ணுக்கு வந்த தமிழர் தலைமுறை தலைமுறையாகக் கையில் ஏந்திய தாள்கள் ஒவ்வொன்றாக நினைவுக்கு வரும். அவற்றுட் சில, புதுப்பித்தால் மட்டுமே உயிர்வாழ்ந்தவை. புதுப்பிக்க இயலாமற்போனபோது ஆயிரக்கணக்கான குடும்பங்களைக் கப்பலேற்றியவையும் அவற்றுள் உண்டு.

ஆற்றுக்கு வழங்கிய உரிமம்

அரசு தன் முத்திரையை இட்டு ஒன்றற்கு இசைவு தருவது தமிழர்க்குப் புதிதன்று. காவிரிப்பூம்பட்டினத்துச் சுங்கச் சாவடியில் ஏற்றுமதிப் பொருள்களின்மேல் சோழரின் புலிப்பொறி இடப்பட்ட செய்தியைப் பட்டினப்பாலை கூறும். ஜொகூரிலும் உரிமத்தின் கதை மோட்டார் வண்டிக்கு நெடுங்காலத்திற்கு முன்பே தொடங்கிவிட்டது.

சாலைகள் இல்லாத அந்நாளில் ஆறுகளே ஜொகூரின் சாலைகள். தெமெங்கோங் இப்ராகிம் 1844 முதல், மிளகும் காம்பியரும் பயிரிட முன்வந்த சீனத் தலைவர்களுக்கு ஆற்றங்கரை நிலங்களைத் திறந்துகொள்ளும் இசைவுப் பத்திரங்களை வழங்கினார். அப்பத்திரத்திற்குச் சூராட் சுங்கை, அதாவது ஆற்றுப் பத்திரம் என்று பெயர். அதனைப் பெற்ற தலைவர் கங்சூ எனப்பட்டார். ஓர் ஆற்றின் கரையில் காடு வெட்டவும், ஆள்களைக் குடியேற்றவும், வரி திரட்டவும் அந்த ஒரு தாளே அவருக்கு அதிகாரம் தந்தது. கங்கார் பூலாய் போன்ற ஊர்ப்பெயர்களில் அக்காலத்தின் சுவடு இன்றும் நிலைத்திருக்கிறது. 1917ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழிக் கங்சூ முறை ஒழிக்கப்பட்டது.

இதில் கவனிக்கத்தக்க செய்தி ஒன்றுண்டு. ஜொகூரின் பொருளியல் வாழ்வு தொடக்கத்திலேயே ஒரு தாளின்மேல் கட்டப்பட்டது. தாளைக் கையில் வைத்திருந்தவர் தலைவர். அவர்கீழ் உழைத்தவருக்கு அத்தாளில் பெயர் இல்லை. ஆற்றின் இடத்தை இருப்புப்பாதை எடுத்துக்கொண்ட பின்னும், காம்பியரின் இடத்தை ரப்பர் எடுத்துக்கொண்ட பின்னும் இந்நிலை மாறவில்லை.

கங்காணியின் தாள்

கெமாசிலிருந்து ஜொகூர் பாரு வரையிலான ஜொகூர் மாநில இருப்புப்பாதை 1909இல் திறக்கப்பட்டது. சிகாமட், லாபிஸ், குளுவாங், கூலாய் முதலிய பகுதிகளில் ரப்பர்த் தோட்டங்கள் பெருகின. அவற்றிற்கு வேண்டிய தொழிலாளர் தமிழகத்திலிருந்து திரட்டப்பட்டனர். ஒப்பந்தக் கூலிமுறை 1910இல் கைவிடப்பட்டபின், கங்காணி முறையே ஆள் சேர்க்கும் பெருவழியாயிற்று. 1907இல் அமைக்கப்பட்ட தமிழர் குடியேற்ற நிதி, வருவோரின் பயணச் செலவைத் தாங்கியது.

கங்காணி தன் ஊருக்குச் சென்று ஆள் திரட்டுவதற்கும் உரிமம் தேவைப்பட்டது. எந்தத் தோட்டத்திற்காக அவர் செல்கிறார், எத்தனை பேரைத் திரட்டலாம் என்பன அத்தாளில் குறிக்கப்பட்டன. அது குறித்த காலத்திற்கே செல்லும். திரட்டப்பட்டோர் நாகப்பட்டினத்திலோ ஆவடியிலோ இருந்த முகாம்களில் தங்கவைக்கப்பட்டுக் கப்பலேற்றப்பட்டனர். கடல் கடந்து வந்த தொழிலாளியின் கையில் இருந்தவை ஒரு துணிமூட்டையும் ஓரிரு பாத்திரங்களும் மட்டுமே. அவர் வருகைக்குச் சான்றான தாள்கள் அதிகாரிகளிடமும் தோட்ட அலுவலகத்துக் கிராணியிடமும் இருந்தன. தம் பிறந்தநாளைச் சொல்லும் தாளோ, தாம் வந்த நாளைச் சொல்லும் தாளோ அவர்களுட் பலரிடம் இல்லை. அக்காலத்தில் அதனை ஒரு குறையாக எவரும் கருதவில்லை. ஐம்பது ஆண்டுகள் கழிந்தபின்னரே அந்தக் குறையின் விலை தெரியவந்தது.

இந்திய அரசு 1938இல், உதவி பெற்றுச் செல்லும் உடலுழைப்புத் தொழிலாளர் குடியேற்றத்தைத் தடை செய்தது. கங்காணி உரிமத்தின் காலம் அத்துடன் முடிவுற்றது. வந்தவர்கள் இங்கேயே வேர் ஊன்றினர்.

சாலையும் மோட்டார் வண்டியும்

ஜொகூரின் சாலைகளை அமைத்த உழைப்பில் தமிழர் பங்கு பெரிது. மலாயாவின் பொதுப்பணி இலாகாவிலும் இருப்புப்பாதைப் பணிகளிலும் கல் உடைத்தும், மண் சுமந்தும், தார் ஊற்றியும் உழைத்தவர்களுள் பெரும்பான்மையோர் தென்னிந்தியத் தொழிலாளரே.

ஜொகூரையும் சிங்கப்பூரையும் இணைக்கும் கடற்பாலம் இக்காலத்தின் பெரும்பணி. கடலில் கல்லைக் கொட்டி எழுப்பிய அணைமேல் இருப்புப்பாதையும் வண்டிச்சாலையும் அமைக்கும் வேலை 1919இல் தொடங்கியது. பூலாவ் ஊபினிலிருந்தும் புக்கிட் தீமாவிலிருந்தும் கற்கள் கொணரப்பட்டன. 1923இல் தொடர்வண்டிகள் ஓடத் தொடங்கின. 1924 ஜூன் 28இல் முறையான திறப்புவிழா நடைபெற்றது. ஒரு கிலோமீட்டரைச் சற்றே கடந்த நீளமுள்ள அவ்வணை, ஜொகூரைத் தீபகற்பத்தின் வாயிலாக்கியது. அதுவரை படகிலேறி நீரிணையைக் கடந்த மோட்டார் வண்டிகள் இனி உருண்டே கடந்தன.

அந்நாளில் மலாயா ஓர் ஆட்சியின்கீழ் இல்லை. சிங்கப்பூர், பினாங்கு, மலாக்கா ஆகியவை நீரிணைக் குடியேற்றங்கள். பேராக், சிலாங்கூர், நெகிரி செம்பிலான், பகாங் ஆகியவை கூட்டு மலாய் மாநிலங்கள். ஜொகூர் இவற்றுள் எதிலும் சேராத தனி மாநிலம். 1895ஆம் ஆண்டிலேயே தனக்கென ஓர் எழுத்துவடிவ அரசியலமைப்பை வகுத்துக்கொண்ட மாநிலம் அது. பிரிட்டிஷ் பொது ஆலோசகர் 1914இல் அமர்த்தப்பட்டபின்னும், சட்டங்கள் சுல்தானின் பெயரால் தனியே இயற்றப்பட்டன. 1895 முதல் 1959 வரை ஆண்ட சுல்தான் இப்ராகிம் மோட்டார் வண்டிகளில் பெருவிருப்பம் கொண்டவர். வண்டிப் பதிவும் ஓட்டுநர் உரிமமும் தொடக்கத்தில் அந்தந்த ஆட்சியின் பொறுப்பில் இருந்தன. அம்முறையின் அடையாளம் வண்டியெண் பலகையில் இன்றும் நிற்கிறது. ஜொகூர் வண்டிக்கு ‘ஜே’, பேராக் வண்டிக்கு ‘ஏ’, பினாங்கு வண்டிக்கு ‘பி’ என எழுத்தைக் கண்டவுடனே மாநிலத்தை அறிந்துகொள்ளலாம்.

மோட்டார் வண்டி தோட்டத்திற்குள் நுழைந்தபோது ஒரு புதிய மனிதர் தோன்றினார். அவரே ஓட்டுநர். ரப்பர்த் தாள்களை இருப்புப்பாதை நிலையத்திற்குக் கொண்டுசெல்லும் லாரியை ஓட்டியவரும், துரையின் காரை ஓட்டியவரும் தோட்ட மக்களிடையே தனி மதிப்புப் பெற்றனர். பால்வெட்டுக் கத்திக்கோ மண்வெட்டிக்கோ அரசு உரிமம் வழங்குவதில்லை. ஓட்டுநரின் கையிலிருந்த உரிமமோ அவர் பெயரைத் தாங்கியிருந்தது. அவர் திறனைத் தேர்ந்து அரசு அளித்த சான்றாக அது விளங்கியது. கங்சூவின் பத்திரத்திலும் கங்காணியின் தாளிலும் உழைப்பாளி ஓர் எண்ணிக்கை. ஓட்டுநர் உரிமத்தில் அவர் ஒரு பெயர். தோட்டத்தைவிட்டு வெளியே சென்று பிழைக்க வழிதிறந்த தாளும் அதுவே.

ஒரே நாளில் பிறந்த இரண்டு

1942 ஜனவரி 31இல், பின்வாங்கிய பிரிட்டிஷ் படையினர் கடற்பாலத்தின் ஒரு பகுதியை வெடிவைத்துத் தகர்த்தனர். ஜப்பானியர் ஆட்சி மூன்றரை ஆண்டுகள் நீடித்தது. தோட்டத்துத் தமிழர் பல்லாயிரவர் சயாம் இருப்புப்பாதை வேலைக்குக் கொண்டுசெல்லப்பட்டு மாண்டனர்.

போர் முடிந்தபின், 1946 ஏப்ரல் 1ஆம் நாள் மலாயன் யூனியன் தோன்றியது. சாலைப் போக்குவரத்துத் துறை தன் பிறந்தநாளாகக் கொள்வதும் அதே நாளைத்தான். அதுவரை பல்வேறு அமைப்புகளின்கீழ்ச் சிதறிக் கிடந்த சாலைப் போக்குவரத்துப் பணிகள் ஒரே துறையின்கீழ் வந்தன. ஓட்டுநருக்கு மலாயா முழுமைக்கும் ஒரே உரிமம் என்னும் கருத்து நிலைபெற்றது.

மலாயன் யூனியன் மற்றோர் ஒருமைப்பாட்டையும் முன்வைத்தது. அதுவே பொதுக் குடியுரிமை. மலாயாவிலோ சிங்கப்பூரிலோ பிறந்தவர்க்கும், போருக்கு முந்திய 15 ஆண்டுகளில் 10 ஆண்டுகள் இங்கு வாழ்ந்தவர்க்கும் குடியுரிமை வழங்குவதென்பது திட்டம். சுல்தான்களின் இறையாண்மை பறிபோவதையும், குடியுரிமை இத்துணை தாராளமாக்கப்படுவதையும் மலாய் மக்கள் வன்மையாக எதிர்த்தனர். அவ்வெதிர்ப்பு இயக்கமாக உருப்பெற்ற இடம் ஜொகூர் பாருவே. 1946 மே 11இல், டத்தோ ஓன் ஜாபார் தலைமையில் அம்னோ அங்கே பிறந்தது. தங்கள் மண்ணில் தாங்களே சிறுபான்மையினராகிவிடுவோமோ என்னும் அச்சம் அவர்களுக்கு உண்மையானது. அதனை உணராமல் பின்னாளைய வரலாற்றை விளங்கிக்கொள்ள இயலாது. மலாயன் யூனியனின் குடியுரிமைத் திட்டம் நடைமுறைக்கு வராமலே போயிற்று.

1948 பிப்ரவரி 1இல் தோன்றிய மலாயாக் கூட்டரசு, குடியுரிமையின் வாயிலைக் குறுக்கியது. வெளிநாட்டிற் பிறந்தவர், விண்ணப்பத்திற்கு முந்திய 25 ஆண்டுகளில் 15 ஆண்டுகள் இங்கு வாழ்ந்ததை மெய்ப்பிக்கவேண்டும். மலாய் மொழியோ ஆங்கிலமோ அறிந்திருக்கவேண்டும். வந்த நாளைக் காட்டும் தாளற்ற தோட்டத் தொழிலாளி இதனை எவ்வாறு மெய்ப்பிப்பார்? கிராணியின் பேரேடு போரில் அழிந்திருந்தால், அவர் உழைத்த ஆண்டுகளும் அதனுடன் அழிந்தனவே.

ஒன்று மட்டும் எல்லாருக்கும் கிடைத்தது. 1948 ஜூனில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டபின், 12 வயதுக்கு மேற்பட்ட அனைவரும் பதிவு செய்யப்பட்டு, புகைப்படமும் பெருவிரல் ரேகையும் கொண்ட அடையாள அட்டைகளைப் பெற்றனர். சிதறி வாழ்ந்தோரைப் பாதுகாப்பு வேலிக்குள் குடியமர்த்தும் பிரிக்ஸ் திட்டம் 1950 ஜூன் 1இல் ஜொகூரில்தான் தொடங்கிற்று. சாலைத் தடைகளில் அட்டையைக் காட்டாமல் எவரும் நடமாட முடியவில்லை. தமிழ்த் தொழிலாளர் பலர் இந்த அட்டையே தம்மை இந்நாட்டவராக்கிவிட்டது என்று நம்பினர். அட்டை அவர் யார் என்பதைச் சொன்னது. அவர் எந்நாட்டவர் என்பதை உறுதிசெய்யவில்லை. இவ்வேறுபாடு அவர்களுக்கு விளங்கும்படி எடுத்துரைக்கப்படவில்லை.

வேலை செய்ய ஓர் உரிமம்

1957 ஆகஸ்டு 31இல் நாடு விடுதலை பெற்றது. அந்நாளிலும், அதனையடுத்த ஐந்தாண்டுகளிலும் இம்மண்ணிற் பிறந்த குழந்தைகள் பிறப்பாலேயே குடிமக்களாயினர். முன்னரே பிறந்தவர்களும் குடியேறியவர்களும் விண்ணப்பிக்கவேண்டியிருந்தது. விடுதலைக்குப் பிந்திய ஓராண்டு காலம் மொழித் தேர்வில் விலக்கு அளிக்கப்பட்டது. அது நல்வாய்ப்பு. பலர் பயன்படுத்திக்கொண்டனர், பலர் தவறவிட்டனர்.

தவறவிட்டதற்குக் காரணங்கள் பல. விண்ணப்பிக்கப் பட்டணம் செல்லவேண்டும். சென்றால் ஒருநாட் கூலி போகும். படிவம் நிரப்பத் தெரியாது. பிறப்புச் சான்றிதழ் கிடையாது. என்றேனும் ஊர் திரும்புவோம் என்னும் எண்ணமும் சிலர் உள்ளத்தில் இருந்தது. இவை எல்லாவற்றுக்கும் மேலாக, நாளும் அதே நிரையில் பால்வெட்டும் ஒருவருக்கு, தாம் இங்கிருக்க ஒரு தாள் வேண்டும் என்ற நினைவே எழவில்லை.

1968ஆம் ஆண்டின் வேலைவாய்ப்புக் கட்டுப்பாட்டுச் சட்டம் அந்நினைவை எழுப்பியது. குடியுரிமை இல்லாதவர் வேலை செய்ய வேண்டுமாயின், அரசிடம் அனுமதிப் பத்திரம் பெறவேண்டும் என்றது அச்சட்டம். மக்கள் இதனை ‘வொர்க் பெர்மிட்’ என்றனர். 1969 மே மாதக் கலவரத்திற்குப்பின் சட்டம் உறுதியாக நடைமுறைப்படுத்தப்பட்டது. பெர்மிட் குறித்த காலத்திற்கே வழங்கப்பட்டது, காலம் முடிந்தால் புதுப்பிக்கவேண்டும், புதுப்பிப்பு உறுதியன்று. சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்த தொழிலாளி, முப்பது நாற்பது ஆண்டுகள் தாம் செய்த அதே வேலையை நாளை செய்யலாமா என்று கேட்டு நிற்கவேண்டியதாயிற்று.

உரிமம் என்னும் சொல்லின் முழுக் கடுமையும் இங்கேதான் வெளிப்பட்டது. ஓட்டுநர் உரிமம் மறுக்கப்பட்டால் ஒருவர் நடந்துசெல்லலாம்; பேருந்தில் ஏறலாம். வேலைக்கான உரிமம் மறுக்கப்பட்டால் உலை கொதிக்காது. தோட்டத்தில் வேலை போனால் லயத்து வீடும் போகும். ஒரே குடும்பத்தில் கணவனுக்குச் சிவப்பு அட்டை, மனைவிக்கு நீல அட்டை, பிள்ளைகள் பிறப்பால் குடிமக்கள் என்னும் நிலை இருந்தது. தந்தை போவதா, குடும்பம் முழுவதும் போவதா என்பது அவ்வீடுகளில் எழுந்த வினா.

இக்காலத்தில் ஏறத்தாழ 60,000 இந்தியர் மலேசியாவை விட்டு இந்தியா திரும்பினர் என்று வரலாற்று நூல்கள் கூறும். ஒரு காலத்தில் பெற்றோரை ஏற்றிவந்த ரஜூலா போன்ற கப்பல்கள், இப்போது முதியவர்களை ஏற்றிச் சென்றன. அவர்கள் திரும்பிச் சென்ற ஊர்களில் அவர்களை அறிந்தவர் மிகச் சிலரே. உடன் சென்ற இளையோருக்கோ அது பெற்றோர் வாய்மொழியில் மட்டும் கேட்ட ஊர்.

இத்துயரம் மலேசியாவுக்கு மட்டும் உரியதன்று. இலங்கையில் 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964இல் கையெழுத்தான சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவிற்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. கென்யாவிலும் 1967ஆம் ஆண்டுக் குடிநுழைவுச் சட்டம் குடியுரிமை பெறாத ஆசியர்களிடம் வேலை அனுமதி கேட்டது. பேரரசு ஒன்றின் தேவைக்காக இடம்பெயர்க்கப்பட்ட மக்களிடம், பேரரசு மறைந்தபின் புதிய நாடுகள் தாள் கேட்டன. குடியேற்றிய பேரரசோ அத்தாளை அவர்களுக்குப் பெற்றுத் தராமலே சென்றுவிட்டது.

தங்கியவர்களைக் காக்க முயற்சிகள் நடவாமல் இல்லை. 1954இல் தோன்றிய தோட்டத் தொழிலாளர் தேசிய சங்கம் தொழிலாளரின் குரலாக நின்றது. துண்டாடப்பட்டு விற்பனைக்கு வந்த தோட்டங்களைத் தொழிலாளர் பணத்திலேயே வாங்கும் நோக்குடன், துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். உழைத்த மண்ணில் இடம் வேண்டும் என்னும் உணர்வு இவற்றால் வலுப்பெற்றது.

தோட்டம் விட்டு நகரம்

எஞ்சியவர்களின் பிள்ளைகள் வளர்ந்த ஜொகூர் வேறு. 1977இல் பாசிர் கூடாங் துறைமுகம் திறக்கப்பட்டது. ஆலைகள் எழுந்தன. ரப்பர் மரங்கள் வீழ்ந்து செம்பனைகள் எழுந்தன. பின்னர் அவையும் வீழ்ந்து வீடமைப்புப் பகுதிகள் எழுந்தன. மாசாய், உலு திராம், ஸ்கூடாய், கூலாய் முதலிய இடங்களில் தோட்டத்து மக்கள் நகரத்து மக்களாயினர். லயத்திலிருந்து நிரைக்கு நடந்து சென்ற காலம் போய், வீட்டிலிருந்து ஆலைக்கு மோட்டார் சைக்கிளில் செல்லும் காலம் வந்தது.

பெற்றோருக்கு வேலை அனுமதி எத்துணை இன்றியமையாததாக இருந்ததோ, பிள்ளைகளுக்கு ஓட்டுநர் உரிமம் அத்துணை இன்றியமையாததாயிற்று. ஆலையின் இரவுப் பணிக்குப் பேருந்து இல்லை. லாரி ஓட்டவும், பேருந்து ஓட்டவும், பொருள் வழங்கவும் உரிமமே முதல் தகுதி. கடற்பாலத்தைக் கடந்து சிங்கப்பூரில் வேலை செய்வோருக்கும் இருசக்கர வண்டியே வாழ்வின் துணை. சிங்கப்பூர் 1965இல் தனிநாடாகி, 1967 முதல் எல்லையில் கடப்பிதழ்ச் சோதனை வந்தபின், பாட்டன் மண் சுமந்து அமைத்த சாலையில் பேரன் கடப்பிதழும் உரிமமும் ஏந்திச் செல்லலானான்.

சட்டமும் மாறியது. 1958ஆம் ஆண்டின் சாலைப் போக்குவரத்து ஆணைச் சட்டத்தின் இடத்தில், 1987ஆம் ஆண்டுச் சட்டம் 1988 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. உரிமமின்றி ஓட்டுவது குற்றம் என்பது அதன் அடிப்படை. 16 வயதில் மோட்டார் சைக்கிளுக்கும், 17 வயதில் காருக்கும் உரிமம் பெறலாம். எழுத்துத் தேர்வில் 50 வினாக்களில் 42க்குச் சரியான விடையளிக்கவேண்டும். அத்தேர்வை மலாய், ஆங்கிலம், சீனம் ஆகியவற்றுடன் தமிழிலும் எழுதலாம் என்பது தமிழாசிரியர் மகிழத்தக்க செய்தி. தோட்டத் தமிழ்ப்பள்ளியோடு கல்வியை முடித்துக்கொண்டவரும் தம் மொழியறிவைக்கொண்டே இத்தாளைப் பெற இவ்வேற்பாடு வழிசெய்தது. தமிழ்ப்பள்ளி சோறு போடுமா என்று கேட்பாருக்கு, லாரி ஓட்டுநரின் உரிமம் ஒரு விடை.

உரிமத்தைப் பெற்றபின் காலந்தோறும் புதுப்பிக்கவேண்டும். ஓராண்டுக்கும் புதுப்பிக்கலாம், ஒரே முறையில் பல ஆண்டுகளுக்கும் புதுப்பிக்கலாம். காலாவதியாகி மூன்றாண்டுகள் கடந்துவிட்டால், பழைய உரிமம் செத்ததாகக் கருதப்படும். மீண்டும் புதியவரைப்போலத் தேர்வெழுதவேண்டும். நாட்கூலி பெறுவோருக்கு அலுவலக நாள்களும் ஒரு சிக்கலே. 2014 முதல் ஜொகூரில் வெள்ளியும் சனியும் விடுமுறையாக இருந்து, 2025 முதல் மீண்டும் சனியும் ஞாயிறும் விடுமுறையாயின. இவ்வகைச் சிறு இடர்கள் எல்லார்க்கும் பொது. ஒருநாள் தவறினால் மறுநாள் சரிசெய்துகொள்ளலாம். சரிசெய்ய இயலாதது ஒன்றுண்டு.

ஓர் அட்டையும் அது இல்லாதவரும்

2001இல் மைகார்டு என்னும் புதிய அடையாள அட்டை அறிமுகமாயிற்று. குடியுரிமையின் அடையாளமாகிய அட்டைக்குள்ளேயே, ஒரு சிறு மின்சில்லில், ஓட்டுநர் உரிமத்தின் செய்திகளும் பதிக்கப்பட்டன. 2023 முதல் கைப்பேசியில் காட்டும் உரிமமும் ஏற்கப்படுகிறது. ஆற்றுப் பத்திரத்தில் தொடங்கிய தாள்களின் பயணம், தாளே இல்லாத நிலைக்கு வந்துவிட்டது. உரிமையும் உரிமமும் ஒரே அட்டையில் சேர்ந்து உறைந்ததில் ஓர் உண்மை புலப்படுகிறது. முன்னது இருந்தால் பின்னது எளிது. முன்னது இல்லையேல் பின்னது எட்டாக்கனி.

முன்னது இல்லாதவர் இன்னும் இருக்கின்றனர். பாட்டன் காலத்தில் பெறாத குடியுரிமை, பதிவு செய்யப்படாத திருமணம், காலத்தில் பதியாத பிறப்பு ஆகியவை தலைமுறை கடந்தும் தொடர்கின்றன. 2011இல் மைடாப்தார் என்னும் பெயரால் இந்தியர்களுக்கான பதிவு இயக்கம் ஒன்று நடத்தப்பட்டதே இச்சிக்கலின் இருப்பை அரசும் ஏற்றுக்கொண்டதற்குச் சான்று. அவ்வியக்கத்தால் பலர் தாள் பெற்றனர். முடிவுக்காகக் காத்திருப்போரும் இருந்தனர்.

இத்தகைய வீட்டுப் பிள்ளை தன் நிலையை முதன்முதலாக உணர்வது பெரும்பாலும் பதினாறு, பதினேழு வயதில்தான். உடன் பயிலும் நண்பர்கள் ஓட்டுநர் பயிற்சிக்குப் பெயர் கொடுக்கும்போது, அடையாள அட்டை எண் கேட்கப்படும். அதுவரை எல்லாரையும்போல் வகுப்பில் அமர்ந்திருந்தவன், தான் எல்லாரையும்போல் அல்லன் என்பதை அந்த முகப்பில் அறிகிறான். அதன்பின் அவனுக்கு இரண்டு வழிகள் எஞ்சுகின்றன. உரிமமின்றி ஓட்டிச் சாலைத் தடையைக் கண்டு அஞ்சி வாழலாம். ஓட்டாமலே இருந்து, கிட்டும் கூலிக்கு உழைக்கலாம். உரிமமின்றி ஓட்டுவது குற்றமே, அதில் ஐயமில்லை. அக்குற்றத்தின் வேர் எத்தலைமுறையில் ஊன்றப்பட்டது என்பதையும் வரலாறு சொல்லத்தான் வேண்டும்.

கங்சூவின் பத்திரம் ஓர் ஆற்றுக்கு வழங்கப்பட்டது. கங்காணியின் தாள் ஆள்களின் எண்ணிக்கைக்கு வழங்கப்பட்டது. வேலை அனுமதி, உழைக்கும் கைகளுக்கு நாள் குறித்தது. ஓட்டுநர் உரிமம் ஒன்றே மனிதனின் திறனுக்கு வழங்கப்பட்டது. அதனைப் புதுப்பிப்பது ஒரு சுமையாகத் தோன்றாமல் அன்றாடச் செயலாக அமையவேண்டுமாயின், புதுப்பிக்கத் தேவையற்ற உரிமை ஒன்று முன்னரே கையில் இருத்தல் வேண்டும். ஜொகூர் பாருவின் முகப்பில் அட்டையை நீட்டிச் சில நிமிடங்களில் வெளியேறும் ஒவ்வொருவரும், அறிந்தோ அறியாமலோ, அவ்வுரிமையை நீட்டியே உரிமத்தைப் பெற்றுச் செல்கின்றனர்.

முன்னோர் தாளின் அருமையை அறியாமல் இழந்தது பெரிது. பிறப்பை உரிய காலத்தில் பதிதல், திருமணத்தைப் பதிதல், சான்றுகளைப் பேணுதல் ஆகியவற்றைப் பெற்றோர்க்கு எடுத்துச்சொல்ல இன்று ஆசிரியரைவிடத் தக்கவர் இல்லை. தமிழ்ப்பள்ளியின் முதல் வகுப்பில் சேரும் குழந்தையின் பிறப்புச் சான்றிதழை ஆசிரியர் கூர்ந்து நோக்கி, குறையிருப்பின் அன்றே பெற்றோரை வழிப்படுத்தினால், பத்து ஆண்டுகள் கழித்து அக்குழந்தை ஓர் அலுவலக முகப்பில் தலைகவிழ்ந்து நிற்க நேராது.